திறப்பை வட்ஸ்அப்பில அனுப்பாதேங்கோ

"லோக்கல்தானே மச்சான், ஒண்டும் நடக்காது." இந்த வசனத்தை இனி ஒருக்கா கேட்டால் நான் லப்டொப்பை மூடிவிட்டு எழும்பிப் போய்விடுவேன்.

கலைப்பீடத்துக்காரிக்கு உதில என்ன வேலை என்று கேட்பீர்கள். ஊர்ப் பெரியவர்களிடம் ஒலிப்பதிவு செய்த கதைகளை வைக்க நாங்கள் நாலு பேர் ஒரு சின்ன இணையத்தளம் செய்தோம். கதை சொன்ன அம்மம்மாக்களின் பெயர், ஊர், தொலைபேசி இலக்கம் எல்லாம் தரவுத்தளத்தில். அதன் கடவுச்சொல் 'டொட் என்வ்' என்ற கோப்பில். அந்தக் கோப்பு எங்கே? வட்ஸ்அப் குழுவில். பிறகு பார்த்தால் கிட்ஹப்பிலும் கிடக்குது, ஆரும் பார்க்கக்கூடிய மாதிரி.

சூழல் மாறிகள் என்ற ஏற்பாட்டை வைத்திருப்பதே இதைத் தவிர்க்கத்தான். நிரல் ஒரு பக்கம். கணினிக்குக் கணினி மாறுகிற விலாசமும் கடவுச்சொல்லும் இன்னொரு பக்கம். ஹெரோக்கு ஆட்கள் 2011 இல் எழுதிய 'டுவெல்வ் ஃபக்டர் அப்' இதற்கு நல்லதொரு சோதனை சொல்கிறது: உங்கட நிரலை இந்த நிமிசமே ஊருக்குத் திறந்துவிட்டால் ஏதாவது திறப்பு வெளியே போகுமா? போகுமென்றால் நீங்கள் ஃபெயில்.

"அதை அழிச்சிட்டனே" என்றான் எங்கட கெட்டிக்காரன். கிட் என்பதே பழசை மறக்காமல் வைத்திருக்கிற சாமான். இன்றைக்குக் கோப்பை நீக்கினாலும் நேற்றைய கொமிற்றில் அது அப்படியே இருக்கும். திறப்புத் துலைஞ்சால் பூட்டைத்தான் மாற்ற வேண்டும். "எங்கட ரெப்போ பிரைவேட்" என்கிறவர்களுக்கு ஒன்று: 2016 இல் ஊபரின் பிரைவேட் ரெப்போவில் கிடந்த அமேசான் திறப்பை வைத்துத்தான் 5 கோடி 70 இலட்சம் பேரின் விபரங்களை அள்ளினார்கள்.

நான் கேட்பது மலை புரட்டுகிற வேலை இல்லை. முதல் கொமிற்றுக்கு முன்னமே கிட்இக்னோரில் ஒரு வரி. மாறிகளின் பெயர் மட்டும் உள்ள, பெறுமதி வெறுமையான ஒரு மாதிரிக் கோப்பு. புதிதாய் வருகிறவள் அதைப் பார்த்துத் தன்ர கணினியில் நிரப்பட்டும். முக்கியமாக, லோக்கலில் ஓட்டிப் பார்க்கப் பொய்த் தரவு. பொத்தானின் நிறம் மாற்றுகிறதுக்கு உண்மையான அம்மம்மாவின் ஃபோன் நம்பர் என்னத்துக்கு?

கடவுச்சொல்லை மாற்றிவிட்டோம். அதுக்கு முன்னம் ஆரும் இலக்கங்களை எடுத்தார்களா, தெரியாது. இதை அந்த அம்மம்மாக்களிடம் போய் ஆர் சொல்லுறது எண்டு குழுவில கேட்டன். நாலு நாளாச்சு, ஒருத்தரும் வாய் திறக்கேல்ல. வாற சனிக்கிழமை நான் போறன். ஆர் கூட வாறியள்?