யமாலைப் பார்த்தோம், முனீரைப் பார்த்தோமா?



கொஞ்சம் நீண்ட பதிவுதான். மைதானத்துக்குப் போகும் பிள்ளை உள்ள வீட்டுக்காரர்கள் பொறுமையாக வாசித்தால் நல்லது.

சென்ற வாரம் பாடசாலை விட்ட பிறகு ஒரு உம்மா வந்தார். மகன் தரம் 11. இந்த வருடம் சாதாரண தரப் பரீட்சை. பிள்ளை வாசலிலேயே நின்றான், உள்ளே வரவில்லை. "சேர், இவன் இனி ஸ்கூலுக்கு வரமாட்டேன் எண்டு நிக்கிறான். வெளிநாட்டுல ட்ரயல் ஒண்டு இருக்காம். காசு கட்டினா கூட்டிட்டுப் போவாங்களாம். வாப்பாவும் கட்டாரிலிருந்து அனுப்புறேன் எண்டு சொல்றாரு. நீங்கதான் ஒரு முடிவு சொல்லணும்."

பிள்ளையைக் கூப்பிட்டுக் கேட்டோம். அவனிடம் ஒரே ஒரு பதில்தான் இருந்தது. "சேர், லமீன் யமால் பதினாறு வயசுல ஸ்பெயினுக்கு விளையாடினவர்தானே. எனக்கு மட்டும் ஏன் ஏலாது?"

உண்மையைச் சொன்னால், அந்த நேரம் நமக்குச் சட்டென்று பதில் வரவில்லை. வீட்டுக்கு வந்த பிறகுதான் முனீர் ஞாபகத்துக்கு வந்தார். நம்மூரிலும் முனீர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். நாம் சொல்வது முனீர் அல் ஹத்தாதியை. முப்பது தாண்டிய உதைபந்தாட்டப் பைத்தியங்களுக்குத் தெரிந்திருக்கும். இன்றைய பிள்ளைகளுக்குத் தெரியாது. அவர்களுக்குத் தெரியாமல் போனதே ஒரு பாடம் என்று நினைக்கிறோம்.

ஐரோப்பாவில் பெரியவர்களுக்கு சம்பியன்ஸ் லீக் இருப்பதுபோல, 19 வயதுக்குட்பட்டோருக்கு யூத் லீக் என்று ஒரு போட்டி இருக்கிறது. முதற் பருவம் 2013-14. அதற்கு முன் நெக்ஸ்ட்ஜென் என்ற பெயரில் தனியார் நடத்திய தொடர் ஒன்று இரண்டு பருவத்தோடு நின்றுபோனது. பிறகுதான் ஐரோப்பிய சம்மேளனமே இதைக் கையில் எடுத்தது. அந்த முதல் வருடம் சம்பியன்ஸ் லீக்கில் இருந்த அதே 32 கழகங்கள், அதே குழுக்கள். பெரியவர்கள் ஒரு ஊருக்குப் போய் விளையாடும்போது அந்தக் கழகத்தின் பிள்ளைகளும் அங்கே போய் விளையாடுவார்கள். ஒரு விதி நமக்கு மிகவும் பிடித்தது. விலகல் சுற்றில் ஆட்டம் சமநிலையில் முடிந்தால் மேலதிக நேரம் கிடையாது, நேராகப் பெனால்டி. வளர்கிற உடம்பைத் தேவையில்லாமல் பிழிய வேண்டாம் என்ற கணக்காக இருக்க வேண்டும். நம்மூர்ச் சுற்றுப்போட்டிகளில் ஒரே நாளில் ஒரு பிள்ளையை நாலு மெச் விளையாட விடுகிறோமே, அது இந்த இடத்தில் ஞாபகம் வந்தது. சரி, அது வேறு கதை.

2014 ஏப்ரல் 14. சுவிட்சர்லாந்தின் நியோன் நகரில் கொலோவ்ரே மைதானம். பார்சிலோனாவுக்கும் போர்த்துக்கலின் பென்ஃபிகாவுக்கும் இறுதியாட்டம். அரையிறுதியில் ரியல் மெட்ரிட்டை 4-0 என்று அடித்துவிட்டு வந்த பென்ஃபிகா. ஆனால் பார்சிலோனா 3-0 என்று வென்றது. முதல் கோல் தரின். மற்ற இரண்டும் முனீர். அதிலும் அந்த இரண்டாவது கோல்! மைதானத்தின் நடுக்கோட்டுப் பக்கமிருந்து, கோல்காப்பாளர் முன்னே வந்து நிற்பதைக் கண்டு, தலைக்கு மேலால் தூக்கி அடித்தது. அந்தத் தொடரில் மொத்தம் 11 கோல்கள், எல்லோரையும் விட அதிகம். வயது 18. மெட்ரிட் பக்கம் பிறந்த பிள்ளை. வாப்பா மொரோக்கோவிலிருந்து வந்து குடியேறியவர். அந்த வீடியோவை அப்போது எத்தனை பேர் எத்தனை தடவை பார்த்தோம், அடுத்த மெஸ்ஸி என்று நாமும் சொல்லித் திரிந்தோம்.

அதற்குப் பிறகு எல்லாம் மளமளவென்று நடந்தது. ஓகஸ்ட்டில் பார்சிலோனாவின் பெரிய அணியில் முதல் லீக் ஆட்டம், அதிலேயே ஒரு கோல். செப்டெம்பர் 1ஆம் திகதி 19 வயது. செப்டெம்பர் 8ஆம் திகதி ஸ்பெயின் தேசிய அணியில், மசிடோனியாவுக்கு எதிராக. ஸ்பெயின் வென்றுகொண்டிருந்த ஆட்டத்தின் கடைசிப் பகுதியில் மாற்று வீரராக உள்ளே விட்டார்கள். கால் மணித்தியாலம்கூட இல்லை. கோல் கிண்ணம் தேசிய அணி என்று ஐந்து மாதத்துக்குள் எல்லாமே கையில்.

ஸ்பெயினின் பெரிய அணிக்கு அவர் விளையாடியது அந்த ஒரே ஒரு தடவைதான். அதன் பிறகு கூப்பிடவில்லை. ஆனால் அது அதிகாரபூர்வமான போட்டி என்பதால், அன்றைய ஃபிஃபா சட்டப்படி அவர் இனி வேறு நாட்டுக்கு விளையாட முடியாது. 2018 உலகக் கிண்ணத்துக்கு மொரோக்கோ அவரைக் கேட்டது. விளையாட்டுக்கான நடுவர் நீதிமன்றம் வரை போனார்கள். முடியாது என்று சொல்லிவிட்டது. 2020இல் ஃபிஃபா சட்டத்தைத் தளர்த்தியது, அதன் பிறகும் இழுபறிதான். 2021 மார்ச்சில்தான் மொரோக்கோவின் சட்டையை அணிந்தார். அப்போது வயது 25. பத்தொன்பது வயதில் விளையாடிய சில நிமிடங்களுக்கு ஆறரை வருடம்.

2022 கட்டார் உலகக் கிண்ணத்தில் மொரோக்கோ அரையிறுதி வரை போனபோது நம்மூர் எப்படி இருந்தது என்று யாருக்கும் சொல்லத் தேவையில்லை. அந்த அணியில் முனீர் இல்லை.

இதை வைத்து முனீர் தோற்றுப்போனார் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். வலென்சியா, அலவேஸ், செவில்லா, கெட்டாஃபே, லாஸ் பல்மாஸ், லெகனேஸ் என்று விளையாடியவர். 2020இல் யூரோப்பா லீக் வென்ற செவில்லா அணியில் இருந்தவர். உழைத்துச் சாப்பிடும் ஒரு நல்ல தொழில்முறை வீரர். உலகத்தில் பந்து உதைக்கும் கோடிக்கணக்கான பிள்ளைகளில் அந்த இடத்துக்கு வருவதே பெரிய விசயம். நாம் சொல்ல வருவது, ஐரோப்பாவிலேயே சிறந்த பிள்ளை என்று 18 வயதில் பெயரெடுத்தவருக்கே பாதை இப்படித்தான் இருந்தது என்பது. அந்தக் கிண்ணத்தை வென்ற பிள்ளைகளில் ஒருவர்கூட பார்சிலோனாவின் பெரிய அணியில் நிலையான இடம் பிடிக்கவில்லை. அடமா ட்ராவோரே இங்கிலாந்துக்குப் போய்ப் பெயர் வாங்கினார். கோல்காப்பாளர் ஃபாப்ரிஸ் ஒன்டோவா 2017இல் கமரூனோடு ஆபிரிக்கக் கிண்ணத்தையே வென்றார், பார்சிலோனாவின் பெரிய அணிக்கு ஒரு ஆட்டமும் ஆடாமல்.

தோற்ற பக்கத்தையும் பாருங்கள். பென்ஃபிகா 2014இல் தோற்றது, 2017இல் தோற்றது, 2020இல் தோற்றது. மூன்று இறுதியாட்டம். 2017இல் தோற்ற பிள்ளைகளோடு இருந்த ஜோவா ஃபெலிக்ஸை இரண்டு வருடத்தில் 126 மில்லியன் யூரோவுக்கு விற்றார்கள். 2022இல் ஒரு வழியாகக் கிண்ணமும் வந்தது, 6-0 என்று. பிள்ளைகள் தோற்றதற்காக அந்தக் கழகம் பயிற்சிக்கூடத்தை இழுத்து மூடவில்லை. நம்மூரில் ஒரு கழகத்தின் 17 வயது அணி அரையிறுதியில் தோற்றால் அடுத்த மாதம் அந்த அணியே இருக்காது.

இப்போது அந்த ட்ரயல் விசயத்துக்கு வருவோம். பதிவு எழுத உட்கார்ந்ததே இதற்காகத்தான்.

18 வயதுக்குக் குறைந்த ஒரு பிள்ளையை இன்னொரு நாட்டுக் கழகம் பதிவு செய்வதை ஃபிஃபா சட்டம் தடை செய்கிறது. விதிவிலக்குகள் கொஞ்சம் இருக்கின்றன. பெற்றோர் உதைபந்தாட்டத்துக்காக அல்லாமல் வேறு காரணத்துக்காக அந்த நாட்டில் குடியேறியிருக்க வேண்டும், அல்லது ஐரோப்பிய ஒன்றியத்துக்குள்ளேயே 16 வயதுக்கு மேற்பட்டவர் இடம் மாறுவதாக இருக்க வேண்டும், அல்லது எல்லையோரத்தில் பக்கத்துப் பக்கத்தில் வீடும் கழகமும் இருக்க வேண்டும், இப்படி. இலங்கையில் உம்மாவோடு இருக்கும் 16 வயதுப் பிள்ளை இந்த எதற்குள்ளும் வருவதாக நமக்குத் தெரியவில்லை. ட்ரயலில் அவன் பத்து கோல் அடித்தாலும் அந்தக் கழகம் அவனைப் பதிவு செய்ய முடியாது என்றால், அந்தக் காசு எதற்காக வாங்கப்படுகிறது? கேட்க வேண்டிய கேள்வி இதுதான்.

இந்தச் சட்டம் சும்மா தாளில் இருப்பதும் இல்லை. முனீர் அந்தக் கோலை அடிப்பதற்குப் பன்னிரண்டு நாளுக்கு முன், 2014 ஏப்ரல் 2ஆம் திகதி, இதே பார்சிலோனாவுக்கு ஃபிஃபா தண்டனை அறிவித்தது. வெளிநாட்டுச் சிறுவர்களைச் சட்டத்துக்கு மாறாகச் சேர்த்ததற்காக. மேன்முறையீடு செய்தார்கள், தோற்றார்கள். இரண்டு மாற்றுக் காலத்துக்குப் புதிய வீரரைப் பதிவு செய்ய முடியாமல் போனது. கழகம் அதைத் தாங்கிக்கொண்டது. அங்கிருந்த பிள்ளைகள் என்ன ஆனார்கள்? கொரியாவிலிருந்து வந்த லீ சுங்-வூ போன்றவர்கள் பயிற்சி மட்டும் செய்துகொண்டு, அதிகாரபூர்வ ஆட்டம் ஒன்றும் ஆடாமல் 18 வயது வரும்வரை காத்திருந்தார்கள். அவ்வளவு பெரிய கழகமே கையைச் சுட்டுக்கொண்ட இடத்தில், வட்ஸ்அப்பில் ஃபோட்டோ அனுப்பி முற்பணம் கேட்பவர் எப்படிப் பிள்ளையைக் கரை சேர்ப்பார்?

அந்தப் பிள்ளையின் யமால் கேள்விக்கும் பதில் கடன் இருக்கிறது. யமால் பதினாறு வயதில் விளையாடினார், உண்மை. 2024 யூரோ கிண்ணத்துக்கு ஜெர்மனி போகும்போது பாடசாலை வேலையையும் கொண்டு போனார், அதுவும் உண்மை. ஸ்பெயினில் கட்டாய இடைநிலைக் கல்வி என்று ஒன்று இருக்கிறது, நமது ஓ/எல் மாதிரி. போட்டிக்கு நடுவில் ஹோட்டல் அறையில் ஹோம்வேர்க் செய்து, அங்கிருக்கும்போதே அதில் தேறினார். பார்சிலோனாவின் லா மாசியா விடுதியில் பிள்ளைகள் காலையில் பாடசாலைக்குப் போய்விட்டுப் பின்னேரம்தான் பயிற்சிக்கு வருவார்கள். பந்தைக் கொண்டாடும் ஊரே புத்தகத்தைக் கீழே போட விடவில்லை.

இனி நமது பக்கத்துப் பிழை. உம்மாமார் மீதும் பிள்ளைகள் மீதும் மட்டும் சொல்லிவிட்டுப் போக முடியாது.

போன வருடம் பிள்ளைகள் ஒரு கிண்ணம் வென்றபோது பெரிய பேனர் அடித்து நாளைய தேசிய அணி என்று எழுதியவர்களில் நாமும் இருந்தோம். அந்த பேனரில் இந்தப் பிள்ளையின் படமும் இருந்தது. இன்று அவன் வாசலில் நிற்பதில் நமக்கும் பங்கு இல்லை என்று எப்படிச் சொல்வது? இன்னொன்று, தரம் 10, 11 பிள்ளைகளுக்கு அஸருக்கும் மஃரிபுக்கும் இடையில் இருந்த ஒரே விளையாட்டு நேரத்தில் டியூஷன் வகுப்பைப் போட்டதும் நம்மைப் போன்ற ஆசிரியர்கள்தான். மைதானமா புத்தகமா என்று பிள்ளையைத் தெரிவு செய்ய வைத்தது யமால் இல்லை, நமது நேரசூசிதான். கல்விக் கல்லூரியில் படிக்கும்போது விளையாட்டும் கல்விதான் என்று பரீட்சைத் தாளில் பக்கம் பக்கமாக எழுதினோம். புள்ளியும் வாங்கினோம். வேலைக்கு வந்த பிறகு அதே வாயால் "விளையாட்டை விட்டுட்டுப் படி" என்கிறோம்.

ஆகவே விளையாட வேண்டாம் என்று நாம் சொல்லவே இல்லை. 18 வயதுப் பிள்ளைக்குத் தன் வயதுக்காரர்களோடு ஒழுங்கான ஆட்டங்கள் வேண்டும் என்பதற்காகத்தான் அங்கே ஒரு லீக்கே வைத்திருக்கிறார்கள். இங்கே வருடத்துக்கு இரண்டு விலகல் போட்டி. முதல் ஆட்டத்தில் தோற்றால் அந்தப் பருவமே முடிந்தது. ஊரில் இருக்கும் நாலைந்து கழகங்கள் சேர்ந்து, கிண்ணமும் பரிசுக் காசும் இல்லாமல், வெள்ளிக்கிழமை பின்னேரங்களில் 17 வயதுப் பிள்ளைகளுக்கு ஒரு சின்ன லீக் நடத்த முடியாதா? மைதானம் இருக்கிறது. பந்தும் இருக்கிறது. விசில் ஊத நாம் வருகிறோம். கழக நிர்வாகிகள் யாராவது இதை வாசித்தால் கொமெண்டில் சொல்லுங்கள், பேசுவோம்.

உம்மாவிடம் அடுத்த நாளே விசயத்தை விளங்கப்படுத்தினோம். இரவு கட்டாரிலிருந்து வாப்பா கோல் எடுத்தார், முக்கால் மணித்தியாலம் கதைத்தோம். காசு அனுப்புவதை நிறுத்தியிருக்கிறார். பதிவு செய்யப்போகும் கழகத்தின் பெயரையும், 18 வயதுச் சட்டத்துக்கு என்ன வழி என்பதையும் எழுத்தில் தரச் சொல்லி அந்த ஆளிடம் கேட்டிருக்கிறார். இதை எழுதும்வரை பதில் வரவில்லை.

பிள்ளைக்கு நம்மோடு கோபம்தான். முனீரின் அந்தக் கோலை அனுப்பி வைத்தோம். பார்த்துவிட்டு, "சேர், இவர் இப்ப எங்க விளையாடுறார்?" என்று மட்டும் கேட்டு ஒரு மெசேஜ். நேற்று வகுப்புக்கு வந்திருந்தான், கணிதப் பாடத்துக்குக் கொப்பி இல்லாமல். செவ்வாய்க்கிழமை டியூஷனை ஏழு மணிக்கு மாற்றியிருக்கிறோம். மற்ற ஆசிரியர்களிடமும் கேட்டிருக்கிறோம், இரண்டு பேர் சரி என்றார்கள்.

வீட்டில் இதுபோல யாராவது ட்ரயல் என்று காசு கேட்டிருந்தால் இன்பொக்ஸில் சொல்லுங்கள். பெயர் வெளியில் வராது.