பெயரில்லாத நாள்

நாள்காட்டி இயற்கை நமக்குத் தந்த பொருளன்று. பகலையும் இரவையும், பருவங்களையும் இயற்கை தருகிறது. அவற்றை மாதம் என்றும் வாரம் என்றும் பங்கிட்டுக் கொள்வது மனிதர் தம்முள் செய்துகொண்ட உடன்படிக்கையே. இந்த உடன்படிக்கையை மாற்றலாமா, மாற்றினால் யாருக்கு இழப்பு என்னும் கேள்விகளை ஒரு கற்பனைக் கதை நம்முன் வைக்கிறது. கதைப் புத்தகம் படிப்பது வீண் பொழுதுபோக்கு என்று கருதும் பெற்றோரும் இதைச் சற்றுக் கேட்க வேண்டுகிறோம்.

ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகப் பேராசிரியரும் ஆழ்ந்த கத்தோலிக்கருமான ஜே. ஆர். ஆர். டோல்கீன் எழுதிய 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' 1954, 1955 ஆம் ஆண்டுகளில் மூன்று பகுதிகளாக வெளிவந்தது. அதன் பிற்சேர்க்கையில் ஹாபிட் என்னும் குள்ள மக்கள் வாழும் ஷயர் நாட்டின் நாள்காட்டியை அவர் விரிவாக வகுத்துள்ளார்.

ஷயரில் பன்னிரண்டு மாதங்களுக்கும் முப்பது முப்பது நாட்கள். ஆக 360. எஞ்சிய ஐந்து நாட்கள் எந்த மாதத்திலும் சேராத விழா நாட்கள். ஆண்டின் முதல் நாளும் கடைசி நாளும் யூல் விழா. ஆண்டின் நடுவில் மூன்று நாட்கள் கோடை விழா. லீப் ஆண்டில் நடுவே இன்னும் ஒரு நாள் கூடும். இதிலென்ன புதுமை என்கிறீர்களா? ஆண்டின் நடுநாளுக்கும் அந்த லீப் நாளுக்கும் கிழமையே கிடையாது! அவை வாரக் கணக்கில் சேரா. எனவே மீதமுள்ள 364 நாட்களும் சரியாக 52 வாரங்களாகின்றன. ஒவ்வோர் ஆண்டும் சனிக்கிழமை பிறந்து வெள்ளிக்கிழமை முடிகிறது. கதைத் தலைவர்களான பில்போ, ஃப்ரோடோ இருவருக்கும் பிறந்த நாள் செப்டம்பர் 22. அது என்றைக்கும் வியாழக்கிழமைதான். எந்த மாதமும் வெள்ளியன்று தொடங்குவதில்லை. ஆகவே 'முதல் தேதி வெள்ளிக்கிழமை' என்றால் ஒருநாளும் வராத நாள் என்று ஷயரில் கேலியாகப் பொருள் கொண்டார்களாம்.

நம் கணக்கோ வேறு. 365 நாட்களில் 52 வாரம் போக ஒரு நாள் மிஞ்சுகிறது. அதனால்தான் நம் பிறந்த நாள் ஆண்டுக்கு ஒரு கிழமை நகர்கிறது. இடையில் பிப்ரவரி 29 வந்தால் இரண்டு கிழமை தாவுகிறது. ஆண்டுதோறும் புதிய காலண்டர், புதிய விடுமுறைப் பட்டியல்! ஷயரின் ஒழுங்கைக் கண்டு நமக்கு ஆசை பிறப்பதில் வியப்பில்லை.

இந்த ஆசை உண்மை உலகிலும் எழுந்தது. 1930 இல் எலிசபெத் அக்கெலிஸ் என்ற அமெரிக்கப் பெண்மணி 'உலக நாள்காட்டி' என்ற திட்டத்தை முன்வைத்தார். ஒவ்வோர் ஆண்டும் ஞாயிறன்று பிறக்கும். டிசம்பர் 30 சனிக்கிழமைக்குப் பின் கிழமையில்லாத ஓர் 'உலக நாள்' வரும். இந்தியாவே 1953 இல் நாள்காட்டிச் சீர்திருத்தத்தை ஐக்கிய நாடுகள் சபையின் கவனத்திற்குக் கொண்டு சென்றது. ஆயினும் 1955 இல் அமெரிக்க அரசு எதிர்ப்புத் தெரிவிக்க, அடுத்த ஆண்டு அந்த முயற்சி கிடப்பில் போடப்பட்டது.

ஏன் எதிர்ப்பு? கணக்கிட்டுப் பார்ப்போம். சனிக்கு மறுநாள் உண்மையில் ஞாயிறு. அதை 'உலக நாள்' என்று சொல்லி விட்டுவிட்டால், உண்மையான திங்கட்கிழமை 'ஞாயிறு' என்று பெயர் பெறும். அடுத்த ஆண்டு முழுவதும், ஏழு நாளுக்கொருமுறை வரும் உண்மையான ஞாயிறு, காலண்டரில் 'சனி' என்ற இடத்தில் நிற்கும். அதற்கடுத்த ஆண்டு 'வெள்ளி'யில் நிற்கும். யூதரின் ஓய்வு நாளும் இஸ்லாமியரின் வெள்ளித் தொழுகையும் இவ்வாறே அலையும். தன் மதக் கடமையைக் காக்க விரும்பும் தொழிலாளி வேலையை இழப்பாரா, வழிபாட்டை இழப்பாரா? பள்ளி மாணவி தேர்வுக்குப் போவாளா, ஆலயத்துக்குப் போவாளா? ஓர் அட்டவணை அழகாக அமைய எளியவர் விலை கொடுக்க வேண்டுமா?

1582 இல் பாப்பரசர் பதின்மூன்றாம் கிரகோரியார் நாள்காட்டியைத் திருத்தியபோது அக்டோபர் 4க்கு மறுநாள் 15 ஆனது. தேதியில் பத்து நாட்கள் மறைந்தன. ஆனால் வியாழனுக்குப் பின் வெள்ளியே வந்தது, வாரம் அறுபடவில்லை. பிரெஞ்சுப் புரட்சியாளரோ 1793 இல் பத்து நாள் வாரத்தைப் புகுத்தினர். ஏழு நாளுக்கு ஒரு முறை கிடைத்த ஓய்வு பத்து நாளுக்கு ஒரு முறையானது. 1806 சனவரி முதல் தேதியோடு அந்த நாள்காட்டி முழுவதும் கைவிடப்பட்டது. இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963 டிசம்பர் 4 இல் தன் கருத்தைத் தெளிவாகச் சொன்னது: நிலையான நாள்காட்டிக்குத் திருச்சபை தடை சொல்லாது, ஆனால் ஞாயிறோடு கூடிய ஏழு நாள் வாரம் குலையக் கூடாது, வாரத்துக்குப் புறம்பான நாள் சேரக் கூடாது.

அப்படியொரு வழியும் உண்டு. ஐஸ்லாந்து மக்கள் முற்காலத்தில் 364 நாளையே ஓர் ஆண்டாகக் கொண்டு, சில ஆண்டுகளுக்கு ஒருமுறை ஒரு முழு வாரத்தையே கூட்டினார்கள். தேதியும் கிழமையும் பிரியவில்லை, வாரமும் அறவில்லை.

அப்படியானால் டோல்கீனின் நாள்காட்டி குறையுடையதா? இல்லை என்பதே நம் கருத்து. ஹாபிட்டுகளுக்கு வெள்ளிக்கிழமை என்பது பிற்பகல் ஓய்வும் மாலை விருந்துமே. ஒரே பழக்கமுடைய சிறு மக்கள் தமக்குள் ஒத்துக்கொண்டதால் அங்கே யாருக்கும் இழப்பில்லை. பல சமயத்தார் கூடி வாழும் நம் உலகுக்கு அது பொருந்தாது. மேலும் டோல்கீன் வெறும் கணக்கோடு நின்றவரல்லர். அவர் கதையில் தீமை வீழும் நாள் மார்ச் 25, மங்கள வார்த்தைத் திருநாள். நன்மையின் பயணம் புறப்படும் நாள் டிசம்பர் 25. நாளுக்கு மதிப்புத் தருவது எண்ணன்று, அன்று நிகழ்ந்ததே என்பதை அவர் நன்கறிந்திருந்தார்.

ஆகவே தோழியரே, கற்பனை உலகுக்கு நாள்காட்டி வகுக்க விரும்பினால் தயங்காமல் வகுப்போம். அது கணக்கும் கற்பிக்கும், வரலாறும் கற்பிக்கும். ஆனால் மெய்யான உலகின் நாள்காட்டியில் யாரேனும் கைவைக்க வரும்போது, "கட்டங்கள் நேராக இருக்கின்றனவா?" என்பதோடு நில்லாமல், "இதனால் யாருடைய ஓய்வு நாள் பறிபோகிறது?" என்றும் கேட்போம்.