கேமை நிறுத்தியது யார்? கூலி கேட்டவரா, கொடுக்க மறுத்தவரா?

2013 ஜூலையில் வந்த ஒரு வீடியோ கேமின் அடுத்த பாகம் 2024 ஜூலையில்தான் வந்தது. நடுவில் பதினோரு ஆண்டு. அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தை வைத்து இ.ஏ. ஸ்போர்ட்ஸ் நிறுவனம் ஆண்டுதோறும் வெளியிட்டு வந்த கேம் அது. நம் ஊர் ஃபுட்பால் இல்லை. ஹெல்மெட் மாட்டிக்கொண்டு, முட்டை வடிவப் பந்தைக் கையில் பிடித்தபடி மோதிக்கொள்ளும் அமெரிக்க ஆட்டம். இத்தனை ஆண்டும் ரசிகர்கள் கேட்ட கேள்வி ஒன்றுதான்: எங்கள் கேமைக் கெடுத்தது யார்? நிறையப் பேர் கை காட்டியது எட் ஓபேனன் என்ற கறுப்பின விளையாட்டு வீரரை. அவர் வழக்குப் போட்டார், வீரர்களுக்குக் காசு கேட்டார்கள், அதனால் கேம் போச்சு. கதை முடிந்தது.

இந்தக் கதையைத் திருப்பூரில் உட்கார்ந்துகொண்டு ஏன் பேச வேண்டும் என்று தோழர்கள் கேட்கலாம். காதர்பேட்டைக்குள் ஒரு நடை போய் வாருங்கள். ஏற்றுமதியில் மிஞ்சியதும் கழிபட்டதும் குவிந்து கிடக்கும் அந்தச் சந்துகளில் அமெரிக்கக் கல்லூரிப் பெயர் அச்சடித்த டி-சர்ட்டும் ஹூடியும் தொங்கும். அசலும் இருக்கும், நகலும் இருக்கும். அந்தக் கல்லூரி எந்த மாநிலத்தில் இருக்கிறது என்றே தெரியாமல் நம் பிள்ளைகள் அதைப் போட்டுக்கொண்டு வகுப்புக்குப் போகிறார்கள். அந்தப் பெயரையும் முத்திரையையும் அச்சடிக்க உரிமம் வேண்டும், உரிமத்துக்குக் காசு. ஏராளமான அமெரிக்கக் கல்லூரிகளுக்காக அந்த உரிமத்தை விற்றுக் கொடுப்பது காலேஜியட் லைசென்சிங் கம்பெனி. பனியனுக்கு உரிமம் கொடுக்கும் அதே கம்பெனிதான் கேமுக்கும் உரிமம் கொடுத்தது. வீரர்கள் தொடுத்த வழக்கில் பிரதிவாதிக் கூண்டில் இ.ஏ.வுடன் சேர்ந்து நின்றதும் அதுதான். முத்திரைக்குச் சொந்தக்காரருக்குப் பங்கு உண்டு. களத்தில் ஓடியவருக்கு இல்லை, ஓவர்லாக் மெஷினில் உட்கார்ந்தவருக்கு இல்லை. ஆகவே இது நம் கதையும்தான்.

முதலில் நடந்ததைப் பார்ப்போம்.

ஓபேனன் 1995இல் கலிபோர்னியாவின் யு.சி.எல்.ஏ. கல்லூரிக்குக் கூடைப்பந்தில் தேசியப் பட்டம் வாங்கிக் கொடுத்த அணியின் நட்சத்திரம். ஆட்டக்காலம் முடிந்தபின் லாஸ் வேகாஸ் பக்கம் கார் விற்பனை வேலை பார்த்தார். நண்பர் வீட்டில் ஒரு வீடியோ கேமில் தன்னைத் தானே பார்த்தார். இ.ஏ.வின் கல்லூரிக் கூடைப்பந்து கேம் அது. அதே 31ஆம் எண், அதே மொட்டைத் தலை, அதே இடது கை ஆட்டம். பெயர் மட்டும் இல்லை. காசும் இல்லை. 2009இல் வழக்குத் தொடுத்தார். அதே ஆண்டு சாம் கெல்லர் என்ற கால்பந்து வீரரும் நீதிமன்றம் போனார். கேமில் இருந்த உருவம் கெல்லரின் எண், உயரம், எடை, தோல் நிறம், முடி நிறம், சொந்த மாநிலம் வரை ஒத்துப்போனதை மேல்முறையீட்டு நீதிமன்றம் தன் தீர்ப்பிலேயே பட்டியல் போட்டுக் காட்டியது. ஆளை முழுசாக எடுத்துக்கொண்டு பெயரை மட்டும் கழற்றிவிட்டால் அது வேறு ஆளாம்!

வழக்கு இறுகியதும் 2013 ஜூலையில் கல்லூரி விளையாட்டை ஆளும் என்.சி.ஏ.ஏ. அமைப்பு, இ.ஏ.வுடனான ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கப் போவதில்லை என்று அறிவித்தது. செப்டம்பரில் அடுத்த ஆண்டு கேம் இல்லை என்றது இ.ஏ. இ.ஏ.வும் லைசென்சிங் கம்பெனியும் 4 கோடி டாலர், பிறகு என்.சி.ஏ.ஏ. 2 கோடி டாலர் கொடுத்து வீரர்களோடு சமரசம் செய்துகொண்டன. 2014இல் ஓபேனன் வழக்கு விசாரணைக்கு வந்தபோது அவர் தரப்பு தனிப்பட்ட நஷ்டஈடே கேட்கவில்லை. விதியை மாற்று என்றுதான் கேட்டது. பெயர் உரிமையை வாங்க விதி இடம் கொடுத்தால் வாங்க விரும்புவோம் என்று இ.ஏ. அதிகாரி சாட்சிக் கூண்டில் நின்று சொன்னார். விற்க வீரர் தயார், வாங்க கம்பெனி தயார். குறுக்கே நின்றது, ஆடுகிறவனுக்குக் காசு போகக் கூடாது என்ற என்.சி.ஏ.ஏ. விதி.

இதைவிட எளிய சாட்சி ஒன்று ரசிகர்களின் கண் முன்னாலேயே இருந்தது. இதே இ.ஏ. நிறுவனம், இதே ஆட்டம், 'மேடன்' என்ற பெயரில் தொழில்முறை அணிகளின் கேமை அந்தப் பதினோரு ஆண்டில் ஓர் ஆண்டுகூட விடாமல் வெளியிட்டது. அதில் இருக்கிற வீரர்களுக்குச் சங்கம் இருக்கிறது. சங்கம் பேரம் பேசுகிறது, பெயருக்கும் உருவத்துக்கும் காசு வருகிறது. காசு கொடுத்த கேம் ஆண்டுதோறும் வந்தது. காசு கொடுக்காத கேம்தான் நின்றது. பிறகு எப்படிக் கூலி கேட்டதால் கேம் நின்றது என்று சொல்கிறார்கள்?

சொல்கிறார்கள். ஏனென்றால் கூலி மறுப்பது யார் கண்ணுக்கும் ஒரு செயலாகத் தெரிவதில்லை. அது வெயில் மாதிரி, மழை மாதிரி, எப்போதும் இருப்பது. கேட்பதுதான் செயல், கேட்பதுதான் குழப்பம். ஊர்ப் பொதுக்குழாயில் தண்ணீர் பிடிக்க விடாதவன் அமைதியைக் காக்கிறவன். குடத்தோடு போனவள் கலவரம் செய்தவள். இந்தக் கணக்கு நமக்குப் புதிதா?

இந்த மறுப்புக்கு ஒரு பெயர் தேவைப்பட்டது. வைத்தார்கள்: 'மாணவ வீரர்'. 1955இல் கொலராடோவின் ஃபோர்ட் லூயிஸ் கல்லூரிக்காக ஆடிய ஒரு வீரர் தலையில் அடிபட்டு இறந்தார். அவர் மனைவி தொழிலாளர் இழப்பீடு கேட்டார். 1957இல் மாநில உச்ச நீதிமன்றம் இல்லை என்றுவிட்டது. வீரர் என்றால் வேலைக்காரர் ஆகிவிடுவார், இழப்பீடு தர வேண்டும். 'மாணவ வீரர்' என்றால் தர வேண்டாம். அந்தச் சொல்லை எதற்காகப் பரப்பினோம் என்பதை என்.சி.ஏ.ஏ.வை முப்பது ஆண்டுக்கு மேல் நடத்திய வால்டர் பையர்ஸே 1995இல் தன் புத்தகத்தில் ஒப்புக்கொண்டார்.

சொல்லை மாற்றிக் கூலியைத் தின்னும் வித்தை நம் ஊருக்குத் தெரியாததா? திருப்பூர், கோவை, திண்டுக்கல், ஈரோட்டு மில்களில் 'சுமங்கலித் திட்டம்' நடந்தது. பதின்வயதுப் பெண்களை மூன்று ஆண்டு விடுதியில் அடைத்து வைத்து வேலை வாங்கினார்கள். அவர்களில் பெரும்பகுதி நம் சேரிகளிலிருந்து போனவர்கள். அவர்களுக்கு வைத்த பெயர் 'அப்ரண்டிஸ்', பயிற்சியாளர். தொழிலாளி என்று எழுதினால் தொழிலாளியின் கூலி தர வேண்டுமே! கூலியின் ஒரு பகுதியைத் தேக்கி வைத்து மூன்று ஆண்டு முடிவில் கல்யாணச் செலவுக்கு மொத்தமாகத் தருவதாகச் சொன்னார்கள். உடம்பு கெட்டு நடுவில் வீடு திரும்பிய எத்தனையோ பெண்களுக்கு அந்தத் தொகை கைக்கு வரவே இல்லை. அமெரிக்காவிலும் இதே யோசனை எட்டிப் பார்த்தது. 2014 தீர்ப்பில் வீரருக்கு ஆண்டுக்கு 5,000 டாலர் வரை ஒதுக்கி வைத்துக் கல்லூரியை விட்டுப் போகும்போது தரலாம் என்று அனுமதித்தார்கள். அதையும் 2015இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் வெட்டிவிட்டது. உழைத்தவன் கையில் உழைத்த அன்றே காசு இருந்தால் என்ன ஆகிவிடும் என்று இவர்களுக்கு அவ்வளவு பயம்.

இரண்டும் ஒன்று என்று நாங்கள் சொல்ல வரவில்லை. அமெரிக்கக் கல்லூரி வீரருக்குப் பெயர் உண்டு, மைதானம் நிறையக் கைதட்டல் உண்டு, படிப்புச் செலவைக் கல்லூரி ஏற்கிறது. மில் விடுதிக்குள் இருந்த பெண்ணுக்குக் கேட்டுக்கு வெளியே போகவே அனுமதி இல்லை. ஆனால் பெரிய கல்லூரி அணிகளில் ஆடுகிறவர்களில் ஏறக்குறைய பாதிப் பேர் கறுப்பினத்தவர். அவர்கள் உடம்பை வைத்துக் கோடிகள் புரளும் இடத்தில் அவர்களுக்கு மட்டும் பங்கில்லை என்று ஒரு விதி அரை நூற்றாண்டுக்கும் மேல் நின்றது. 1873இல் மகாத்மா ஃபுலே தன் 'குலாம்கிரி' நூலை அமெரிக்காவில் அடிமைமுறையை ஒழிக்கப் பாடுபட்டவர்களுக்குக் காணிக்கையாக்கினார். 1946இல் அண்ணல் அம்பேத்கர் கறுப்பின அறிஞர் டு பாய்ஸுக்குக் கடிதம் எழுதினார். அந்த உறவு நமக்குப் பழையது. அதனால்தான் அந்த விதியின் வாசனை நமக்குச் சட்டென்று தெரிகிறது.

"ஸ்காலர்ஷிப்தான் தருகிறார்களே, அப்புறம் என்ன கூலி?" என்று அங்கே கேட்டார்கள். இங்கேயும் அதையேதான் கேட்கிறார்கள். உங்களுக்குத்தான் ஸ்காலர்ஷிப் வருகிறதே, அப்புறம் என்ன போராட்டம்? உரிமையைச் சலுகை என்று பெயர் மாற்றிவிட்டால் வாயை மூடச் சொல்வது எளிது. அந்த உதவித்தொகை மாதக்கணக்கில் வராமல் கிடக்கும்போது யாராவது அதைத் தாமதம் என்று கொதிக்கிறார்களா? 2016இல் ரோஹித் வெமுலா தன் கடைசிக் கடிதத்தில் வராமல் கிடந்த ஏழு மாத உதவித்தொகையைப் பற்றி எழுதிவிட்டுப் போனார். கேம் வரவில்லை என்று பதினோரு ஆண்டு பொருமியவர்களைப் போல அந்த ஏழு மாதத்துக்கு எத்தனை பேர் பொருமினார்கள்?

கூலியிலும் இதே கதைதான். தையல் தொழிலுக்கான குறைந்தபட்சக் கூலியை உயர்த்தித் தமிழக அரசு 2014இல் அரசாணை போட்டது. முதலாளிகள் கூட்டமாக நீதிமன்றம் போனார்கள். அரசாணை செல்லும் என்று சென்னை உயர் நீதிமன்றம் சொல்ல 2016 ஆனது. அந்த இடைவெளியில் ஒவ்வொரு சனிக்கிழமையும் சம்பளக் கவரில் குறைந்த காசுக்கு யாரும் தாமதம் என்று பெயர் வைக்கவில்லை. ஆனால் தொழிலாளி ஒருநாள் மெஷினை நிறுத்தினால் உடனே ஷிப்மென்ட் தாமதம், ஆர்டர் வங்கதேசத்துக்குப் போய்விடும், ஊரே அழிந்துவிடும்! 1984இல் பஞ்சப்படிக்காக இந்த ஊர்த் தொழிலாளர்கள் 127 நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஊர் அழியவில்லை. அதற்குப் பிறகுதான் திருப்பூர் ஏற்றுமதியில் உலகம் அறிந்த ஊரானது.

மீதிக் கதையையும் சொல்லிவிடுகிறோம். 2019இல் கலிபோர்னியா, வீரர்கள் தம் பெயரை வைத்துச் சம்பாதிக்கலாம் என்று சட்டம் போட்டது. 2021 ஜூனில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் வேறொரு வழக்கில் ஒன்பது நீதிபதிகளும் ஒரே குரலில் என்.சி.ஏ.ஏ.வுக்கு எதிராகத் தீர்ப்புச் சொன்னார்கள். ஜூலை 1 முதல் பழைய தடை விலகியது. கேம் 2023இல் வரும் என்று ரசிகர்கள் நம்பியிருக்க, அது 2024க்குத் தள்ளிப்போனது. கடைசியில் வந்தது: 134 அணிகள், 11,000க்கு மேற்பட்ட வீரர்கள், இந்த முறை சொந்தப் பெயரோடு. டாலர் கணக்கில் அமெரிக்காவில் அதுவரை வந்த விளையாட்டு கேம்களிலேயே அதிகம் விற்றது அதுதான். கூலி கொடுத்தால் கேம் சாகும் என்றவர்கள் இப்போது எங்கே?

ஒரு வீரருக்குக் கிடைத்தது எவ்வளவு? 600 டாலரும் கேமின் ஒரு பிரதியும். எல்லாருக்கும் சேர்த்துப் பெருக்கினாலும் 66 லட்சம் டாலரைச் சுற்றித்தான் வரும். விற்பனையில் பங்கு கிடையாது. ஏன் இவ்வளவு குறைவு? கல்லூரி வீரர்களுக்குச் சங்கம் இல்லை. 2014இல் நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழக வீரர்கள் சங்கம் அமைக்க முயன்றார்கள். அடுத்த ஆண்டு தொழிலாளர் வாரியம் அந்த மனுவை விசாரிக்கவே மறுத்துவிட்டது. தனித்தனியாகக் கையெழுத்துப் போட வைத்தால் விலையைச் சொல்வது கம்பெனிதான். நீதிமன்றம் கதவைத் திறந்துவிடும். உள்ளே போய்ப் பேரம் பேசச் சங்கம் வேண்டும்.

அதற்குச் சாட்சி இந்தப் பக்கத்திலேயே இருக்கிறது. திண்டுக்கல் ஆடை ஆலை ஒன்றில் வேலை பார்த்த இளம் தலித் பெண் தொழிலாளி ஒருவர் 2021இல் கொல்லப்பட்டார். அதற்குப் பிறகு, தலித் பெண்கள் முன்னின்று நடத்தும் தமிழ்நாடு டெக்ஸ்டைல் அண்ட் காமன் லேபர் யூனியன் போராடி 2022இல் திண்டுக்கல் ஒப்பந்தத்தைக் கொண்டுவந்தது. பாலியல் தொல்லைக்கும் சாதிப் பாகுபாட்டுக்கும் எதிராக, எச் அண்ட் எம் போன்ற உலக பிராண்டுகளையே சட்டப்படி கட்டிப்போடும் ஒப்பந்தம் அது. மேலிருந்து யாரும் கருணையாகப் போட்டுக் கொடுத்தது இல்லை.

மாணவத் தோழர்களே, உங்கள் கையிலும் ஒரு முனை இருக்கிறது. தங்கள் கல்லூரி முத்திரை போட்ட பனியனை யார், எந்தக் கூலிக்குத் தைக்கிறார்கள் என்று அமெரிக்க மாணவர்கள் 1990களின் இறுதியில் வளாகங்களில் கேட்கத் தொடங்கினார்கள். அந்தக் கேள்வியிலிருந்துதான் 2000இல் ஒர்க்கர் ரைட்ஸ் கன்சார்டியம் என்ற கண்காணிப்பு அமைப்பு பிறந்தது. வாங்கிப் போடுகிறவர் கேட்கலாம் என்றால், தைக்கிற ஊரில் படிக்கிற நீங்கள் கேட்கலாகாதா? உங்கள் அம்மாவும் அக்காவும் எந்தக் கம்பெனியில், என்ன பெயரில், எத்தனை மணி நேரம், என்ன ரேட்டுக்கு உட்காருகிறார்கள் என்று எழுதி வையுங்கள். சம்பளச் சீட்டு இருக்கிறதா, பி.எஃப். பிடிக்கிறார்களா, பிடித்ததைக் கட்டுகிறார்களா என்று பாருங்கள். சங்கத்துக்குக் கூட்டிக்கொண்டு போங்கள்.

அப்போது யாராவது வந்து, நீ கேட்டதால்தான் எல்லாம் தாமதம் என்பார்கள். தாமதம் நாம் கேட்ட நாளில் தொடங்கவில்லை, அவர்கள் கொடுக்காத நாளில் தொடங்கியது என்று அவர்கள் முகத்துக்கு நேராகச் சொல்லுங்கள்.