டக்கார் மேயர் செய்த உண்மையான குற்றம்

கலிஃபா சாலைப் புனிதராக்க நான் இதை எழுதவில்லை. செனெகலின் தலைநகரான டக்காரின் நகராட்சிக் கணக்கிலிருந்து மாதம் 3 கோடி சிஎஃப்ஏ பிராங்க் எடுக்கப்பட்டது. அரிசியும் கம்பும் வாங்கியதாக ரசீது காட்டினார்கள். மொத்தம் 180 கோடி பிராங்க். ரசீது பொய் என்றால் பொய்தான்.

ஆனால் "திருடினான், உள்ளே போனான், அவ்வளவுதானே?" என்று கேட்பவர்களோடு எனக்குச் சண்டை இருக்கிறது. இந்த வழக்கைத் தேதிகளை வைத்துப் படிக்க வேண்டும்.

சோஷலிஸ்ட் கட்சிக்காரரான கலிஃபா 2009இல் மேயரானார். அன்றைய அதிபர் அப்துலாய் வாட்டின் மகன் கரீம் அந்தத் தேர்தலில் நின்று தோற்றார். 2014இல் அடுத்த அதிபர் மக்கி சாலின் (பெயர்தான் ஒன்று, உறவெல்லாம் இல்லை) பிரதமரான அமினாத்தா தூரே, கலிஃபாவின் கோட்டையான க்ராண்ட் யோஃபிலேயே மோதினார். தோற்றார், கொஞ்ச நாளில் பிரதமர் பதவியும் போனது.

2015இல் கலிஃபா இன்னும் பெரிய துணிச்சலில் இறங்கினார். தெரு வியாபாரிகளுக்குச் சந்தை கட்ட, நகரத்தின் பெயரிலேயே 2,000 கோடி பிராங்குக்குக் கடன் பத்திரம். பாதித் தொகைக்கு அமெரிக்க உதவி நிறுவனத்தின் உத்தரவாதமும் கிடைத்திருந்தது. வெளியிட வேண்டிய நேரத்தில் மத்திய அரசு தடுத்துவிட்டது. காசுக்காக அதிபரின் வாசலில் நிற்காத மேயர் ஆபத்தானவர். அவருடைய உண்மையான குற்றம் இதுதான் என்பேன்.

2017 மார்ச்சில் கைது. ஜூலையில் சிறையிலிருந்தபடியே நாடாளுமன்ற உறுப்பினரானார். 2018 மார்ச்சில் ஐந்தாண்டுத் தண்டனை: மோசடி, போலி ஆவணம். ஜூனில் மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் கூட்டமைப்பு நீதிமன்றம், அவருக்கு நியாயமான விசாரணை கிடைக்கவில்லை என்றது. யார் கேட்டார்கள்? ஆகஸ்ட் 30 மேல்முறையீட்டிலும் தண்டனை உறுதியானது. மறுநாளே அதிபரின் ஆணையில் மேயர் பதவி பறிபோனது. 2019 அதிபர் தேர்தலில் வேட்புமனு நிராகரிப்பு. ஊழல் வழக்கில் ஏற்கெனவே தண்டனை பெற்றிருந்த கரீமுக்கும் அதே கதி. மக்கி சால் முதல் சுற்றிலேயே ஜெயித்தார். செப்டம்பரில் பெரிய மனதோடு கலிஃபாவுக்குப் பொதுமன்னிப்பு வழங்கினார்!

அந்தக் கணக்கு முந்தைய மேயர்கள் காலத்திலிருந்தே அரசியல் செலவுக்குப் போனது என்பது கலிஃபா தரப்பு வாதம். பழைய தப்பு என்பதால் அது சரியாகிவிடாது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பழைய தப்புக்குப் புதிதாகக் கண் திறக்கும் சட்டம், போட்டியாளரை மட்டும் பார்த்தால் அதற்குப் பெயர் நீதியா? ஊழல் ஒழிப்பைக் கெடுப்பது ஊழல்வாதி மட்டுமில்லை, அதை ஆயுதமாக்கும் ஆட்சியாளரும்தான். அதற்குப் பிறகு உண்மையான திருடன் மாட்டினாலும், "பழிவாங்குறாங்க" என்று ஊர் சொல்லும்.

2024இல் ஒருவழியாக அதிபர் தேர்தலில் நின்ற கலிஃபாவுக்கு இரண்டு சதவீத ஓட்டுகூட விழவில்லை. அதற்குள் காலம் மாறியிருந்தது. சில நாட்களுக்கு முன் சிறையிலிருந்து வெளிவந்த பசிரு தியோமாய் ஃபாய் ஜெயித்தார். பொதுமன்னிப்பு ஒருவருக்குச் சுதந்திரத்தைத் திருப்பித் தரும். அவர் ஜெயித்திருக்கக்கூடிய தேர்தலைத் தராது. அந்தக் கடன் பத்திரமும் வரவே இல்லை.