மீண்டும் அதே வாசலுக்கா?

கேஸ் ஏஜென்சியிலோ பெட்ரோல் பங்க் ஒதுக்கீட்டிலோ அநீதி என்று உயர்நீதிமன்றப் படியேறுகிறவன், பெரும்பாலும் ஒரு தாளோடு இறங்குகிறான்: உரிய அதிகாரியிடம் முறையிடலாம், அவர் இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும். யார் மீது வழக்கோ அவரிடமே மனு!

காரணம் இல்லாமல் இல்லை. அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ், நடந்தது முறைப்படி நடந்ததா என்று பார்ப்பதே நீதிமன்றத்தின் வேலை. ஏஜென்சி யாருக்கு என்று தீர்மானிப்பதல்ல. ஒப்புகிறோம். ஆனால் வேண்டும்போது அது உள்ளே புகுந்தும் பார்த்திருக்கிறது. பெட்ரோலிய அமைச்சராயிருந்த சதீஷ் சர்மா தம் விருப்பம்போல் வழங்கிய 15 பங்க்குகளை 1996-இல் உச்சநீதிமன்றம் ரத்து செய்தது. 2002-இல் அரசு நல்லதையும் கெட்டதையும் சேர்த்து ஒட்டுமொத்தமாக ஒதுக்கீடுகளை ரத்து செய்தபோது, அந்த ஆணையைத் தள்ளிவிட்டு, பத்திரிகைகளில் புகாருக்குள்ளான 400-க்கு மேற்பட்டவற்றை ஓய்வுபெற்ற நீதிபதிகள் இருவரிடம் ஒப்படைத்தது. இலாகா அதிகாரியிடம் அல்ல!

அன்றாடங்காய்ச்சிக்கு மட்டும் ஏன் இலாகா வாசல்? சிலிண்டர் வராத வீட்டில் வாரக்கணக்கு என்பது அடுப்புக் கணக்கு. கோர்ட்டுக்குப் போன ஒவ்வொரு நாளும் ஒரு நாள் கூலி.

இதில் ஒரு பொறியும் உண்டு. பரிசீலிக்கச் சொன்னதாலேயே காலங்கடந்த குறைக்கு மறுவுயிர் வந்துவிடாது என்று 2008-இல் உச்சநீதிமன்றமே சொல்லிவிட்டது. ஆகவே தோழர்களே, தாமதிக்காதீர்கள். தவறு செய்ததாகச் சொல்லப்படும் அதிகாரியே விசாரிக்கக் கூடாது. நேரில் கேட்க வேண்டும். காரணம் காட்டி எழுத்தில் ஆணையிட வேண்டும். நம் கோரிக்கை இவ்வளவே. மனு எழுதித்தர சங்கம் தயார். கொடுத்த தேதியோடு ரசீதைக் கேட்டு வாங்கி வையுங்கள்.