பிள்ளை மனப்பாடம் செய்யும் தலைநகரமும் நம் கோயில் நிலமும்

தேர்வு நெருங்கினால் நம் வீடுகளில் ஒரு சத்தம் கேட்கும். "பெர்லிஸ், கங்கார். கெடா, அலோர் ஸ்டார். பினாங்கு, ஜார்ஜ்டவுன். பேராக், ஈப்போ." சமையற்கட்டிலிருந்து அம்மா கேட்க, பிள்ளை சுவரைப் பார்த்துக்கொண்டு ஒப்பிக்கும். தீபகற்பத்தில் 11 மாநிலங்கள், 11 தலைநகரங்கள். நாமும் அப்படித்தான் படித்தோம். தேர்வு முடிந்ததும் மறந்தோம்.

சிலாங்கூர் என்றதும் கோலாலம்பூர் என்று எழுதி மதிப்பெண் இழக்கும் பிள்ளைகள் இன்றும் உண்டு. அவர்களைத் திட்டாதீர்கள். பல அப்பாக்களுக்கே அந்தக் குழப்பம் இருக்கிறது. கோலாலம்பூர் 1974 பிப்ரவரி 1-இல் கூட்டரசு பிரதேசமானது. 1978-இல் ஷா ஆலாம் சிலாங்கூரின் தலைநகரமானது. பேராக்கிற்கும் முன்பு தைப்பிங்தான் தலைநகரம், 1937-இல்தான் ஈப்போவுக்கு மாறியது. இதோடு கிள்ளான், கோலா கங்சார், ஸ்ரீ மெனாந்தி என்று அரச நகரங்கள் வேறு. பிள்ளை பாவம்!

பிள்ளைக்கு இது 1 மதிப்பெண் கேள்வி. ஆனால் நமக்கு? நிலம் சம்பந்தப்பட்ட முடிவு எந்த ஊரில் எடுக்கப்படுகிறது என்ற கேள்வி அது. இதை ஏன் எழுதுகிறேன் என்றால், கொஞ்ச நாளைக்கு முன் ஓர் ஆலய நிர்வாகத்தினர் தடித்த கோப்பு ஒன்றுடன் என் அலுவலகத்துக்கு வந்தார்கள். தோட்டப்புறத்தில் நம் பாட்டன்மார் கட்டிய கோயில். இன்று அந்த இடம் அரசாங்க நிலம். நிலம் கேட்டு மனு செய்திருக்கிறார்கள், மனு நிராகரிக்கப்பட்டுக் கடிதம் வந்திருக்கிறது. அதன் பிறகு அவர்கள் சும்மா இருக்கவில்லை. புத்ராஜெயாவுக்கு மனு, அமைச்சருக்கு மனு, நாடாளுமன்ற உறுப்பினருக்கு மனு, கட்சித் தலைவருக்கு மனு. வேன் பிடித்து இரண்டு முறை நேரிலும் போய் வந்திருக்கிறார்கள். ஐந்து மாதம் கழித்து ஓர் அமைச்சிடமிருந்து நான்கு வரிப் பதில்: இது மாநில அரசாங்கத்தின் அதிகாரத்துக்கு உட்பட்டது.

கோப்பை முழுதும் புரட்டினேன். மாநில அரசாங்கத்துக்கு ஒரு கடிதம்கூட இல்லை.

"ஐயா, நாடு முழுக்கப் பெரிய இடம் அதுதானே?" என்று கேட்டார் தலைவர். அவர்மேல் குற்றம் இல்லை. யாரும் அவருக்குச் சொல்லித் தரவில்லை. ஆனால் சட்டம் காத்திருக்காது. அரசாங்க அதிகாரியின் முடிவை எதிர்த்து நீதிமன்றத்தில் சீராய்வு கேட்பதற்கு, முடிவு நமக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து 3 மாதம்தான். தேசிய நிலச் சட்டத்தின் 418-ஆம் பிரிவில் நில நிர்வாகியின் முடிவை எதிர்த்து மேல்முறையீடு செய்யவும் அதே 3 மாதம்தான். சீராய்வுக்கான கெடு தாண்டினால் நீதிபதியிடம் கூடுதல் காலம் கேட்கலாம். அதற்கு நல்ல காரணம் காட்ட வேண்டும். "தவறான ஊருக்கு எழுதிக்கொண்டிருந்தோம்" என்பதை நல்ல காரணமாக்க நான் எவ்வளவு பாடுபட வேண்டும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

கூட்டரசு அரசியலமைப்பின் ஒன்பதாவது அட்டவணையில் அதிகாரங்கள் பட்டியல்களாகப் பிரிக்கப்பட்டிருக்கின்றன. கல்வி, போலீஸ், குடியுரிமை ஆகியவை கூட்டரசின் கையில். நிலம் மாநிலத்தின் கையில். நகராண்மைக் கழகங்களும் மாநிலத்தின் கீழ். அதனால்தான் தமிழ்ப்பள்ளிக்கு ஆசிரியர் புத்ராஜெயாவிலிருந்து வருகிறார், பள்ளி நிற்கும் நிலத்துக்குக் கிராண் மாநிலத்திலிருந்து வர வேண்டியிருக்கிறது. பிள்ளையின் பிறப்புப் பத்திரமும் ஐசியும் கூட்டரசு விவகாரம். வீட்டு முன்னால் அடைத்த கால்வாயும் அம்மாவின் அப்பக்கடை லைசென்சும் ஊராட்சி மன்ற விவகாரம்.

நம் சமூகம் பட்ட அடிகளைத் திரும்பிப் பாருங்கள். 2007 அக்டோபர் 30-இல், தீபாவளிக்குச் சில நாள் முன்பு, பாடாங் ஜாவா மாரியம்மன் கோயிலை உடைத்தது ஷா ஆலாம் மாநகர் மன்றம். நவம்பர் 25-இல் நம் மக்கள் ஆயிரக்கணக்கில் திரண்டது கோலாலம்பூரில். அந்தக் கோபம் நியாயமானது, அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. ஆனால் உடைக்கும் உத்தரவு மாநிலத் தலைநகரத்தின் மன்றத்திலிருந்து வந்தது. பினாங்கு கம்போங் புவா பாலாவை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த நிலத்தை அரசாங்க அதிகாரிகளின் கூட்டுறவுக் கழகத்துக்குக் கொடுக்க முடிவு செய்தது 2008-க்கு முன் இருந்த மாநில அரசாங்கம். குடியிருந்த மக்கள் கூட்டரசு நீதிமன்றம் வரை போராடிப் பார்த்தும் 2009-இல் வீடுகள் தரைமட்டமாயின. அந்த முடிவு பிறந்த ஊர் ஜார்ஜ்டவுன். முடிவு எடுக்கப்படும்போது அந்த ஊரில் நம் குரல் கேட்டிருக்க வேண்டும். இயந்திரம் வந்த பிறகு கத்தி என்ன பயன்?

இங்கே ஜொகூரில் இன்னொரு சிக்கல். தேர்வுத்தாளில் தலைநகரம் ஜொகூர் பாரு, அதுதான் சரியான விடை. ஆனால் மாநிலச் செயலகமும் சட்டமன்றமும் 2009 முதல் கோத்தா இஸ்கண்டாரில் இருக்கின்றன. அன்று நூசாஜெயா என்ற இடம் இன்று இஸ்கண்டார் புத்ரி. பழைய ஞாபகத்தில் புக்கிட் திம்பாலான் படியேறிவிட்டுத் திரும்பிய பெரியவர்களை எனக்குத் தெரியும்.

ஓட்டிலும் இதே கோளாறுதான். 2022 மார்ச் 12-இல் ஜொகூர் சட்டமன்றத் தேர்தல் நடந்தது. வாக்களித்தவர்கள் ஏறக்குறைய 55 விழுக்காடு. அதே ஆண்டு நவம்பரில் நாடாளுமன்றத் தேர்தலுக்கு நாடு முழுக்க ஏறக்குறைய 74 விழுக்காட்டினர் போனார்கள். "சட்டமன்றம்தானே" என்று வேலைக்குப் போய்விட்டவர்களில் நம்மவர்களும் உண்டு. சிங்கப்பூரில் ஷிப்ட் வேலை, லீவு கிடைக்காது, எனக்குத் தெரியும். ஆனால் ஜொகூர் சட்டமன்றத்தின் 56 இடங்களிலிருந்துதான் மந்திரி புசாரும் ஆட்சிக்குழுவும் வருகிறார்கள். கோயில் நிலமும் பள்ளி நிலமும் அந்த மேசைக்குத்தான் போகின்றன.

அந்த ஆலயத்தின் வேலையை மறுபடி முதலிலிருந்து தொடங்கியிருக்கிறோம். மாவட்ட நில அலுவலகத்தில் லாட் எண்ணை உறுதிப்படுத்தியாயிற்று. புதிய மனு நில அலுவலகத்துக்கு, நகல்கள் மந்திரி புசார் அலுவலகத்துக்கும் தொகுதிச் சட்டமன்ற உறுப்பினருக்கும். ஒவ்வொரு நகலிலும் "பெற்றுக்கொண்டோம்" முத்திரை வாங்கச் சொல்லியிருக்கிறேன். உங்கள் கோயிலுக்கோ பள்ளிக்கோ நிலப் பிரச்சினைக் கடிதம் வந்திருந்தால், அது கைக்குக் கிடைத்த தேதியை உறையின் மேலேயே எழுதி வையுங்கள். உறையைத் தூக்கிப் போடாதீர்கள்.