டாக்டர் பேசினால் நமக்கென்ன?



கோலா சுங்கை பாருவில் ஒரு கோயில் மண்டபத்தில் சட்ட விளக்கக் கூட்டம் நடத்தினோம். மஸ்ஜிட் தானா, அலோர் காஜா பக்கமிருந்தும் குடும்பங்கள் வந்திருந்தன. பெரும்பாலும் தோட்டத்து லயத்தில் பிறந்து, இன்று தொழிற்சாலையிலும் லாரியிலும் பிழைப்பவர்கள். பேச்சின் நடுவே டாக்டர் அகமது ஃபாரூக் மூசாவின் பெயரைச் சொன்னேன். முன்வரிசையிலிருந்த ஓர் அம்மா கையைத் தூக்கினார்.

"தம்பி, அவர் மலாய்க்காரர். அவங்க மதத்தைப் பத்தி அவங்க பேசிக்கிறாங்க. அதுல நமக்கென்ன?"

நியாயமான கேள்வி. அன்று நேரமில்லாமல் அரைகுறையாகப் பதில் சொன்னேன். முழுப் பதிலை இங்கே எழுதுகிறேன்.

யார் இந்த டாக்டர்? இருதய, நெஞ்சக அறுவை சிகிச்சை நிபுணர். மருத்துவ மாணவர்களுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்தவர். 2009-ல் இஸ்லாமிய மறுமலர்ச்சி முன்னணி என்ற அமைப்பைத் தொடங்கியவர்களில் முதன்மையானவர். இஸ்லாத்தில் நம்பிக்கையுள்ள முஸ்லிமாக இருந்துகொண்டே, மனச்சாட்சிச் சுதந்திரம், ஜனநாயகம், பகுத்தறிவு ஆகியவற்றுக்கு இஸ்லாத்தில் இடமுண்டு என்று எழுதியும் பேசியும் வருபவர். அம்பிகா சீனிவாசன் தலைமையில் இயங்கிய பெர்சே 2.0 வழிநடத்தும் குழுவிலும் இருந்தவர். 2011 ஜூலை 9-ல் கோலாலம்பூர் வீதிகளில் கண்ணீர்ப்புகை வாங்கிய நம் பிள்ளைகளுக்கு அந்தக் குழுவைத் தெரிந்திருக்கும்.

2017 செப்டம்பரில் முஸ்தஃபா அக்யோல் என்ற துருக்கிய எழுத்தாளரை இவருடைய அமைப்பு மலேசியாவுக்கு அழைத்தது. ஒருவர் மதத்தில் இருப்பதையோ விலகுவதையோ அரசு கட்டாயப்படுத்தலாமா என்பது அவர் பேசிய பொருள்களில் ஒன்று. அனுமதி இல்லாமல் சமயம் போதித்தார் என்று கூறி, நாடு திரும்பப் போனவரை விமான நிலையத்தில் பிடித்து ஓர் இரவு முழுவதும் வைத்திருந்தார்கள். அழைத்த டாக்டரும் சமய அதிகாரிகளின் விசாரணைக்கு ஆளானார். அதே ஆண்டு, அக்யோலின் நூலுக்கு முன்னணி வெளியிட்ட மலாய் மொழிபெயர்ப்பையும், சீர்திருத்தச் சிந்தனை பற்றிய இரண்டு தொகுப்புகளையும் உள்துறை அமைச்சு தடை செய்தது. தடையை எதிர்த்து வழக்குப் போட்டார்கள். 2019-ல் உயர் நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது.

இப்போது அந்த அம்மாவின் கேள்விக்கு வருவோம். இதில் நமக்கென்ன?

வாசகர்களே, நம்முடைய பிள்ளையும் பிணமும் இந்த வாதத்துக்குள் மாட்டிக்கொண்டிருக்கின்றன. அதனால்தான் இது நம்முடைய விஷயம்.

எவரெஸ்ட் குழுவில் இருந்த நம் மூர்த்தி 2005 டிசம்பரில் இறந்தார். அவர் மதம் மாறியிருந்தார் என்றது சமய இலாகா. மனைவிக்கு அது தெரியாது. வழக்கைக் கேட்கவே தனக்கு அதிகாரமில்லை என்றது உயர் நீதிமன்றம். உடலை எடுத்துப் போய் இஸ்லாமிய முறைப்படி அடக்கம் செய்தார்கள். கட்டிய மனைவியால் கணவனுக்குக் கொள்ளி வைக்க ஏற்பாடு செய்ய முடியவில்லை.

2007-ல் நம் மலாக்காவிலேயே நடந்ததை மறந்துவிட்டோமா? இந்துப் பாட்டியிடம் இந்துவாக வளர்ந்து, இந்துவை மணந்த ஒரு தமிழ்ப் பெண், பதிவில் தன்னை முஸ்லிம் என்று குறித்திருப்பதை மாற்றக் கேட்டு ஷாரியா நீதிமன்றத்துக்குப் போனார். போனவரை 'மறுவாழ்வு' முகாமுக்கு அனுப்பினார்கள். முதலில் 100 நாள், பிறகு 180 நாளாக நீட்டிப்பு. வீட்டில் கைக்குழந்தை. அந்தக் குழந்தையையும் தகப்பனிடமிருந்து வாங்கிக்கொண்டு போனார்கள்.

2009-ல் ஈப்போவில் பாலர் பள்ளி ஆசிரியை இந்திரா காந்தியின் மூன்று பிள்ளைகளை, மதம் மாறிய கணவர் தன்னிச்சையாக மாற்றினார். கடைக்குட்டிக்கு அப்போது பதினொரு மாதம். 2018 ஜனவரி 29-ல் கூட்டரசு நீதிமன்றம் தாய் பக்கம் தீர்ப்புச் சொன்னது. தாய் தகப்பன் இருவரின் சம்மதமும் வேண்டும் என்றது. தீர்ப்பு கையில் வந்த பிறகும் ஆண்டுக்கணக்காகக் கடைசி மகளின் முகத்தைப் பார்க்க முடியாமல் அந்தத் தாய் தவித்தார்.

இந்த வழக்குகள் எல்லாவற்றிலும் ஒரே சுவர் குறுக்கே நின்றது. அரசமைப்புச் சட்டத்தின் 121 (1ஏ) விதி. ஷாரியா நீதிமன்றத்தின் அதிகாரத்துக்குள் வரும் விவகாரத்தில் உயர் நீதிமன்றம் தலையிட முடியாது என்பது அதன் சாரம். முஸ்லிம் அல்லாத நமக்கு ஷாரியா நீதிமன்றத்தில் வழக்காட இடமில்லை. இந்தப் பக்கம் போனால் அந்தப் பக்கம் போ என்பார்கள். அந்தப் பக்கம் கதவே கிடையாது.

அந்த விதி 1988-ல் சேர்க்கப்பட்டது. அப்போது பிரதமர் யார்? அவரும் ஒரு டாக்டர்தான். 1970-ல் மலாய்க்காரரின் நிலை பற்றிப் புத்தகம் எழுதி, அந்தப் புத்தகம் தடை செய்யப்பட்டு, 1981-ல் பிரதமரான டாக்டர் மகாதீர். 2001-ல் மலேசியா ஓர் இஸ்லாமிய நாடு என்று அறிவித்தவரும் அவரே. இரண்டு மருத்துவர்கள் இஸ்லாத்தையும் சமுதாயத்தையும் பற்றிப் பேசினார்கள். இருவருடைய புத்தகங்களும் தடை செய்யப்பட்டன. முன்னவர் கைக்கு அதிகாரம் வந்தபோது அவருடைய புத்தகத்தின் தடை நீங்கியது. பின்னவர் நீதிமன்றப் படியேறியும் தடை நீங்கவில்லை.

சிந்தித்துப் பாருங்கள். இந்தச் சட்டங்களை யார் மாற்ற முடியும்? நாடாளுமன்றமும் மாநிலச் சட்டமன்றங்களும்தான். அங்கே பெரும்பான்மை யாரிடம் என்று உங்களுக்கே தெரியும். நாம் தெருவில் நின்று கத்தினால், "இஸ்லாத்தை எதிர்க்கிறார்கள்" என்று ஒரே வார்த்தையில் நம் வாயை அடைத்துவிடலாம். ஒரு முஸ்லிம் டாக்டர் எழுந்து, கட்டாயப்படுத்துவது எங்கள் மார்க்கத்துக்கு உகந்ததல்ல என்றால், அந்த வார்த்தை அங்கே செல்லாது. அதனால்தான் அவர் புத்தகத்தைப் பூட்டுகிறார்கள். அந்தப் புத்தகத்தைப் படிக்கிற ஒரு மலாய் இளைஞன் நாளை சட்டமன்ற உறுப்பினராகலாம், நீதிபதியாகலாம், பதிவிலாகா முகப்பில் உட்காரும் அதிகாரியாகலாம். நம் பிள்ளையின் பாரம் அவன் மேசைக்குத்தான் வரும்.

இங்கே நம்மவர்களுக்கு ஓர் எச்சரிக்கையும் உண்டு. டாக்டரின் பேச்சை வெட்டி, "பார், அவங்க ஆளே சொல்லிட்டான்" என்று முஸ்லிம்களைக் கேலி செய்யப் பயன்படுத்தாதீர்கள். தன் வீடு ஒழுகுகிறதே என்று கவலைப்பட்டு அதைச் செப்பனிட நினைக்கிறவர் அவர். அவருடைய மார்க்க விளக்கம் சரியா தவறா என்று தீர்ப்புச் சொல்வது நம் வேலையல்ல. அவரை மறுக்கும் முஸ்லிம்களுக்கும் மறுக்க உரிமையுண்டு. பேசுகிறவரைப் பேச விடுங்கள் என்பது மட்டுமே நம் கோரிக்கை.

மலாக்காக்காரர்களுக்கு இதைச் சொல்லித்தரத் தேவையில்லை. பட்டணத்தில் ஒரே சாலை வழியில் 1748-ல் இந்திய முஸ்லிம் வணிகர்கள் எழுப்பிய கம்போங் கிளிங் பள்ளிவாசலும், 1781-ல் செட்டிகள் கட்டிய பொய்யாத விநாயகர் கோயிலும், சீனர் கோயிலும் நிற்கின்றன. அண்டை வீட்டார் பகைவரல்லர். அதிகாரத்தை எல்லை மீறிப் பயன்படுத்துவதைத்தான் எதிர்க்கிறோம்.

இன்னொன்றையும் நேர்மையாக ஒப்புக்கொள்வோம். மனச்சாட்சிச் சுதந்திரம் என்றால் அது இருபக்கமும் வெட்டும். நம் வீட்டில் வயது வந்த ஒருவர் மனமாரச் சிந்தித்து இஸ்லாத்தைத் தழுவினால், அவரை அடிக்கவோ வீட்டைவிட்டு விரட்டவோ நமக்கு உரிமையில்லை. அப்படி விரட்டிய குடும்பங்களை நான் பார்த்திருக்கிறேன். சாதியையும் குடியையும் குண்டர் கும்பலையும் பற்றி நம் டாக்டர் ஒருவர் கோயில் மேடையில் பேசினால், மைக்கைப் பிடுங்காமல் இருப்போமா? அவர்களிடம் கேட்கும் சகிப்பை நாமும் காட்ட வேண்டும்.

நம்பிக்கைக்கும் இடமிருக்கிறது. பெர்லிஸில் ஒரு தாயின் மூன்று பிள்ளைகளை அவர் சம்மதமின்றி மாற்றியது செல்லாது என்று 2024-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. அந்தத் தீர்ப்பை எதிர்த்து மாநிலத் தரப்பு கேட்ட அனுமதியைக் கூட்டரசு நீதிமன்றம் அதே ஆண்டு மறுத்தது. 2018 தீர்ப்பு உயிரோடு இருக்கிறது. அதைக் காப்பாற்ற நீங்கள் செய்ய வேண்டியவை:

கோயிலில் தாலி கட்டியதோடு நிறுத்தாதீர்கள். திருமணத்தைத் தேசியப் பதிவிலாகாவில் பதிவு செய்யுங்கள். பதிவு இல்லாமல் கல்யாணப் படத்தை மட்டும் கையில் வைத்துக்கொண்டு வழக்கறிஞரிடம் வருவது பெரும்பாடு.

பிள்ளைகளின் பிறப்புப் பத்திரத்தையும் மைகாட்டையும் எடுத்துப் பாருங்கள். மதம் என்ற இடத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று படியுங்கள். தவறிருந்தால் இன்றே மனுச் செய்யுங்கள். பிள்ளைக்குக் கல்யாணம் வரும்வரை தள்ளிப்போடாதீர்கள்.

கணவனோ மனைவியோ மதம் மாறியது தெரிந்தால் அந்த வாரமே வழக்கறிஞரைப் பாருங்கள். 2018 டிசம்பரில் அமலுக்கு வந்த சட்டத் திருத்தப்படி, சிவில் முறையில் நடந்த திருமணத்தின் விவாகரத்து விவகாரம் சிவில் நீதிமன்றத்திலேயே நடக்கும். பிள்ளைகளின் மதம் பற்றிய பிரிவை மட்டும் 2017-ல் அரசு கைவிட்டது. அந்த ஓட்டை இன்னும் அடைபடவில்லை. தேர்தலுக்குக் கைகூப்பி வருகிறவரிடம் முதலில் அதைக் கேளுங்கள்.

அம்மா, நீங்கள் கேட்டதற்கு இதுதான் என் பதில். அந்த டாக்டர் நம்மைக் காப்பாற்ற வந்தவரல்லர். நம் வழக்கை நாம்தான் நடத்த வேண்டும். ஆனால் அவர் வாயை அடைக்கும் அதே கைதான் உங்கள் பேரப்பிள்ளையின் பத்திரத்திலும் எழுதுகிறது. அவருக்குப் பேச இடமில்லாத நாட்டில், உங்கள் மனுவை வாசிக்கவும் ஆளிருக்காது.